வலை காயப்போட்ட தீவு

பருத்தி நூலில் பின்னிய வலை ஈரத்தோடு கிடந்தால் மக்கிவிடும். அதனால் அந்தக் காலத்தில் மரப்பட்டை காய்ச்சிய சாயத்தில் வலையைத் தோய்த்தெடுப்பார்கள். கடலிலிருந்து எடுத்ததும் வெயிலில் விரித்துக் காயவைப்பார்கள். பாக் நீரிணையில் இரவெல்லாம் மீன்பிடித்த ராமேஸ்வரம், தங்கச்சிமடம் ஆட்களுக்கு அதற்குத் தோதான இடமாக இருந்தது கச்சத்தீவு. மொத்தம் 285 ஏக்கர். குடிக்கத் தண்ணீர் கிடையாது, நிலையாக யாரும் குடியிருந்ததும் இல்லை. வலை காயும்வரை கண்ணயர்ந்துவிட்டு, அந்தோணியாரைக் கும்பிட்டுவிட்டுப் படகேறிவிடுவார்கள்.

பிறகு நைலான் வந்தது. நைலான் மக்காது, அதைக் காயவைக்க ஒரு தீவு தேவையில்லை. ஆனாலும் ராமேஸ்வரம் படகுத்துறையில் இருபது வயதுப் பையனிடம் கச்சத்தீவைப் பற்றிக் கேட்டால், “அது நாங்க வலை காயப்போட்ட இடம்” என்றுதான் பேச்சைத் தொடங்குவான். அவன் அங்கே வலை விரித்ததில்லை. அவன் அப்பாவும் விரித்திருக்க மாட்டார். தான் செய்யாத வேலையை, தான் பிறக்கும் முன்பே வழக்கொழிந்த வேலையை, அவனால் எப்படித் தன் நினைவாகச் சொல்ல முடிகிறது?

பிரெஞ்சு சமூகவியலாளர் மோரிஸ் ஹால்ப்வாக்ஸ் இந்தக் கேள்விக்கு 1925இலேயே ஒரு விடை தந்தார். மனிதன் தனியாக எதையும் நினைவில் வைத்திருப்பதில்லை. குடும்பம், ஊர், தொழில், மதம் ஆகியவை கொடுக்கும் சட்டகத்துக்குள்தான் நினைவு நிற்கிறது என்றார் அவர். குழுவின் நினைவு இடங்களைப் பற்றிக்கொண்டு வாழ்கிறது என்பதைக் காட்ட, கிறிஸ்தவ யாத்திரிகர்களின் புனித பூமியை ஆராய்ந்து 1941இல் இன்னொரு நூலும் எழுதினார். நாஜிகளின் புகன்வால்ட் முகாமில் 1945இல் இறந்துபோனார்.

நினைவு அப்படியே கைமாறுவதும் இல்லை. கேம்பிரிட்ஜ் உளவியலாளர் ஃபிரெடெரிக் பார்ட்லெட் 1932இல் வெளியிட்ட சோதனைகளில், அமெரிக்கப் பழங்குடிக் கதை ஒன்றை ஆங்கிலேயர்களைப் படிக்கவைத்து, பின்னர் திரும்பச் சொல்லச் சொன்னார். கதையில் கடல்நாய் வேட்டைக்குப் போனவர்கள், திரும்பச் சொன்னபோது மீன்பிடிக்கப் போயிருந்தார்கள். பழக்கமில்லாதது உதிர்ந்தது, பழகியது அந்த இடத்தில் வந்து உட்கார்ந்தது. வாய்வழி நினைவுக்கு ஆயுளும் குறைவு. எண்பது, நூறு ஆண்டுகள், மூன்று தலைமுறைதான் என்கிறார் ஜெர்மானிய அறிஞர் யான் அஸ்மான். அதற்கு மேல் தாங்க வேண்டுமென்றால் சடங்கோ திருவிழாவோ எழுத்தோ வேண்டும்.

கச்சத்தீவுக்குத் திருவிழா இருக்கிறது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ராமநாதபுரம் கரையைச் சேர்ந்த சீனிக்குப்பன் படையாச்சி கட்டியதாகச் சொல்லப்படும் அந்தோணியார் கோயிலில், தவக்காலத்தை ஒட்டிக் கொடியேறும். சிலுவைப்பாதை, இரவில் தேர்பவனி, மறுநாள் காலைத் திருப்பலி, பிறகு கொடியிறக்கம். இரு கரைத் தமிழரும் ஒரே மணலில் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். இலங்கைக் கரையிலிருந்து வந்த சோப்பும் தேங்காய் எண்ணெயும் கைமாறும். இலங்கை உள்நாட்டுப் போரால் நெடுங்காலம் தடைபட்டும் அந்த விழா மீண்டது. மீனவனின் அனுபவத்திலிருந்து வலை உலர்த்தல் கழன்றுபோன பிறகும் பேச்சில் அது நிலைத்திருப்பதற்கு இந்த இரண்டு நாள் பெரிய காரணம் என்று நான் நம்புகிறேன்.

இலங்கைக்குப் போய்விட்ட அந்தத் தீவின் நினைவு போராட்டமாகவும் மாறியது. ஆனால் நினைவிருக்கும் இடத்திலெல்லாம் போராட்டம் எழுவதில்லை. அதே கரையில் தனுஷ்கோடி இருக்கிறது. 1964 டிசம்பர் 22 இரவு வீசிய புயல் ஓர் ஊரையே அழித்தது. பாம்பனிலிருந்து போன ரயிலைப் பயணிகளோடு கடல் கொண்டுபோனது. இடிந்த தேவாலயத்தின் சுவர் இன்றும் நிற்கிறது. அந்தத் துயரம் கச்சத்தீவு இழப்பைவிட எத்தனையோ மடங்கு பெரியது. இருந்தும், கரையைக் கொதிக்கவைக்கும் பெயராகத் தனுஷ்கோடி ஆகவில்லை. அமெரிக்க சமூகவியலாளர் வில்லியம் காம்சன் 1992இல் சொன்ன மூன்று கூறுகள் இங்கே உதவும்: இது அநீதி என்ற உணர்வு, நம்மால் மாற்ற முடியும் என்ற எண்ணம், நாம் இன்னார், எதிரே நிற்பவர் இன்னார் என்ற அடையாளம். புயலை எதிர்த்து யாரும் மனுப் போட முடியாது. 1974 ஜூனில் இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் கையெழுத்திட்டு, தீவை இலங்கையின் பக்கம் சேர்த்த ஒப்பந்தத்தை எதிர்த்துப் போட முடியும்.

அந்த ஒப்பந்தத்தின் 5ஆம் பிரிவு, இந்திய மீனவரும் யாத்திரிகரும் முன்போலவே பயண ஆவணமோ விசாவோ இல்லாமல் தீவுக்கு வந்துபோகலாம் என்றது. 1976 மார்ச்சில் இரு அரசுகளும் பரிமாறிக்கொண்ட கடிதங்கள், எல்லை தாண்டிய மீன்பிடிப்பையே விலக்கின. இந்த இரண்டையும் கரை ஒரே வடுவாகத்தான் நினைவில் வைத்திருக்கிறது. 2024 பிப்ரவரியில், மீனவர்களுக்கு இலங்கை நீதிமன்றம் சிறைத்தண்டனை விதித்ததைக் கண்டித்து ராமேஸ்வரத்துக்காரர்கள் திருவிழாவையே புறக்கணித்தார்கள். நினைவைக் காத்துவந்த சடங்கே அந்த ஆண்டு போராட்டக் கருவியாக மாறியது. தீவை மீட்கக் கோரி 2025 ஏப்ரல் 2 அன்று தமிழகச் சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றியது.

இந்த நினைவிலிருந்து உதிர்ந்த ஒன்றையும் சொல்லியாக வேண்டும். வலை காயப்போட்டது நாட்டுப்படகு. இன்று எல்லை தாண்டிப் பிடிபடுவது பெரும்பாலும் கடலடியை வழித்தெடுக்கும் விசைப்படகு. யாழ்ப்பாணத்து, மன்னார் மீனவர்களுக்குப் போர்க்காலத்தில் கடலே பூட்டிக் கிடந்தது. 2009இல் போர் முடிந்த பிறகு கடன் வாங்கி வலை போட்டார்கள்; அதை நம் விசைப்படகுகளின் இழுவைமடி அறுத்துக்கொண்டு போனது. அவர்கள் தங்கள் பிள்ளைகளுக்குச் சொல்லும் கதையில் அறுந்த வலையும் இருக்கிறது. அதைக் கேளாமல் நம் கதையை மட்டும் சொல்வது எனக்கு நியாயமாகப் படவில்லை. அவர்களும் தமிழர்கள், அதே அந்தோணியாரைக் கும்பிடுகிறவர்கள்.

2014இல் சென்னையிலும் கொழும்பிலும் இரு கரை மீனவர் பிரதிநிதிகள் நேருக்கு நேர் பேசினார்கள். இழுவைமடியைக் கைவிட மூன்று ஆண்டு அவகாசம் வேண்டும் என்று நம் பக்கம் கேட்டது, உடன்பாடு வரவில்லை. 2017இல் இலங்கை இழுவைமடியைச் சட்டத்தால் தடைசெய்தது. அதே ஆண்டு, பாக் நீரிணை விசைப்படகுகளுக்கு மாற்றாக ஆழ்கடல் சூரை மீன்பிடிப் படகு வாங்க இந்தியாவில் மானியத் திட்டம் வந்தது. அதற்கு எதிர்பார்த்த வரவேற்பு இல்லை. விலையும் கடனும் பெரிய காரணம்தான். ஆனால் பாக் நீரிணை மீனவர் இன்று கிளம்பி மறுநாள் கரை சேர்ந்து பழகியவர். ஆழ்கடல் என்றால் வாரக்கணக்கில் வீடு திரும்ப முடியாது. கன்னியாகுமரி மாவட்டத்துத் தூத்தூரில் ஒரு பையன் அப்படிப் போனால், போய்வந்த கதை சொல்ல அவன் வீட்டிலேயே ஆள் உண்டு. ராமேஸ்வரத்துப் பையனுக்குச் சொல்ல அவன் தாத்தாவிடம் இருப்பது கச்சத்தீவுக் கதை.