கடல் அமைதியா, கீரியா?

அக்ரோபோலிஸ் குன்றின் தென்சரிவில் உள்ள இந்த டயோனிசஸ் அரங்கில், கி.மு. 408-ல் யூரிப்பிடீஸின் 'ஒரெஸ்டீஸ்' துன்பியல் நாடகம் அரங்கேறியது. இப்போது தெரியும் கல் இருக்கைகள் பிற்காலத்தவை; அன்று மக்கள் மரப்பலகைகளில் அமர்ந்து பார்த்தார்கள்.

தாயைக் கொன்ற ஒரெஸ்டீஸாக நடித்தவர் ஹெகெலோகோஸ். பித்து தணிந்த நாயகன், அலை ஓய்ந்த கடலின் அமைதி தன் கண்ணில் படுவதாகச் சொல்லும் உருக்கமான கட்டம் அது.

அமைதியைக் குறித்த சொல் 'கலேனா'. அடுத்த சொல்லோடு புணரும்போது ஈற்று உயிர் கெட்டு 'கலேன்' என்று நிற்கும். எலி பிடிக்க வீடுகளில் விட்டிருந்த, கீரி போன்ற சிறு விலங்கின் பெயரும் இரண்டாம் வேற்றுமையில் 'கலேன்'தான். 'லே'யில் குரல் உயர்ந்தால் அமைதி. உயர்ந்து அதே அசையில் தாழ்ந்தால் விலங்கு. அன்றைய எழுத்தில் இதைக் காட்டக் குறியே கிடையாது. முழுப்பொறுப்பும் நடிகரின் தொண்டையில்தான்.

ஹெகெலோகோஸுக்கு அந்த இடத்தில் மூச்சு போதவில்லை என்கிறது பழைய உரைக்குறிப்பு. நாயகன் கண்டது கீரி என்றாகிவிட்டது! நுட்பமான இந்தச் சறுக்கலைக் கேட்டுப் பிடித்த ஏதென்ஸ்காரர்களின் செவி வியப்புக்குரியது.

கி.மு. 405-ல் அரிஸ்டோஃபனீஸ் தம் 'தவளைகள்' நகைச்சுவை நாடகத்தில் இதைப் பெயர் சொல்லியே கிண்டல் செய்தார். அதில் ஒரு பேய் தோன்றி விலகியதும், நடுங்கும் டயோனிசஸ் கடவுளிடம் அடிமை சாந்தியாஸ் அதே பிழையோடு ஆறுதல் கூறுகிறான். ஸ்ட்ராட்டிஸ், சான்னிரியோன் ஆகிய நாடகாசிரியர்களும் விடவில்லை. அவர்களின் நாடகங்கள் துணுக்குகளாகவே எஞ்சியுள்ளன. அத்துணுக்குகளிலும் ஹெகெலோகோஸின் கீரி இருக்கிறது.