தீர்ப்பு கையிலே, பணம் எங்கே?

வழக்கில் வென்றவருக்கு ஊரார் வாழ்த்துக் கூறுவது இயல்பு. உரிமையியல் வழக்கைப் பொறுத்தமட்டில் அவ்வாழ்த்தைச் சற்று ஒத்திப் போடுவதே நலம் என்று நாம் எண்ணுகிறோம். இந்நாட்டில் வழக்காடுபவரின் தொல்லைகள் டிக்ரி கைக்கு வந்த பின்னரே தொடங்குகின்றன என்று இலண்டன் பிரிவி கவுன்சில் நீதிபதிகள் 1872-ஆம் ஆண்டிலேயே குறிப்பிட்டுள்ளனர். ஒன்றரை நூற்றாண்டு கடந்தும் அக்கூற்று பழையதாகிவிடவில்லை.

கணவரின் ஓய்வுக்காலப் பணத்தைப் புரோநோட்டின் பேரில் கடனாகக் கொடுத்துவிட்ட கைம்பெண் ஒருவரை எண்ணிப் பாருங்கள். பணத்தைத் திருப்பித் தருமாறு நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது, கடனாளியோ அசையவில்லை. நீதிமன்றமே முன்வந்து வசூலித்துக் கொடுக்கும் என்று அவர் காத்திருப்பாராயின் ஏமாந்தே போவார். நிறைவேற்று மனுவை அவரே தாக்கல் செய்ய வேண்டும். கடனாளியின் சொத்து எங்குள்ளது, சர்வே எண் யாது, வில்லங்கம் ஏதேனும் உண்டா என்பவற்றையும் அவரே தேடித் தர வேண்டும். சொத்து வேறு மாவட்டத்தில் இருப்பின், டிக்ரியை அவ்வூர் நீதிமன்றத்துக்கு மாற்றியாக வேண்டும்.

பிறகு அமீனா சென்று ஜப்தி செய்வார், தமுக்கடித்து அறிவிப்பார்கள், ஏல அறிவிப்பு ஒட்டப்படும், குறைந்தது 15 நாள் கழித்தே ஏலம். ஏலம் எடுத்தவர் கால்பங்குத் தொகையை உடனேயும், மீதியை 15 நாளிலும் கட்டுதல் வேண்டும். அதன் பின்னரும், பணத்தைக் கட்டி ஏலத்தை நீக்கிக் கொள்ளக் கடனாளிக்கு 60 நாள் அவகாசமுண்டு. இவ்வளவோடு முடிந்தாலும் குறையில்லை. ஆனால் ஒவ்வொரு படியிலும் ஒரு தடைமனு காத்திருக்கிறது. நோட்டீசு தமக்குக் கிடைக்கவில்லை என்பார். சொத்தின் மதிப்பைக் குறைத்துவிட்டார்கள் என்பார். அதுவரை கண்ணிலேயே படாத மைத்துனர் ஒருவர் தோன்றி, நிலம் தம்முடையது என்று மனுப் போடுவார். ஒவ்வொன்றுக்கும் விசாரணை, வாய்தா, மேல்முறையீடு!

இழுத்தடிப்பதற்கு வட்டி விகிதமும் துணை நிற்கிறது. வணிகக் கடன் அல்லாத சாதாரணக் கடனில், டிக்ரிக்குப் பிந்திய காலத்துக்கு அசல் தொகையின் மீது ஆண்டுக்கு 6 சதவீதத்துக்கு மேல் வட்டி விதிக்க உரிமையியல் நடைமுறைச் சட்டம் இடந்தருவதில்லை. வெளியே இவ்வளவு மலிவாகக் கடன் கொடுப்பவர் யார்? கட்டாமலிருப்பதே ஆதாயம் என்று கடனாளி கணக்கிட்டால் வியப்பென்ன!

எனினும், கடன்பட்டவர் எல்லாரும் ஏய்ப்பவரல்லர். உடுதுணி, சமையற் பாத்திரம், கட்டில், தொழிலாளியின் கருவிகள், உழவரின் ஏர்மாடும் விதைநெல்லும், சமய வழக்கப்படி பெண்கள் கழற்றக்கூடாத அணிகள் ஆகியவற்றை ஜப்தி செய்யலாகாது என்று அதே சட்டத்தின் 60-ஆம் பிரிவு தடுத்துள்ளது. வறுமையால் கட்ட இயலாதவரைச் சிறையிலடைப்பது நியாயமாகாது. கட்ட வசதியிருந்தும் தீய எண்ணத்தோடு மறுப்பவர் வேறு என்று உச்சநீதிமன்றம் 1980-இல் தெளிவுபடுத்தியது. இப்பாதுகாப்புகளில் ஒன்றையேனும் நீக்குதல் கூடாது என்பதே நம் கருத்து. வசதி படைத்தவர் அவற்றின் நிழலில் ஒதுங்குவதுதான் நெஞ்சை உறுத்துகிறது.

நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும், காலம் நீட்டினால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2021-இல் ஆணையிட்டது. 1980-களில் தொடுக்கப்பட்ட தமிழ்நாட்டு நில வழக்கு ஒன்று 2025 மார்ச்சில் அதன்முன் வந்தபோது, நாடெங்கும் உள்ள இத்தகைய மனுக்களைக் கணக்கெடுத்து ஆறு மாதத்தில் தீர்க்குமாறு மீண்டும் கட்டளையிட்டது. அவ்வாண்டு அக்டோபரில் வந்த கணக்கின்படி 3,38,685 மனுக்கள் முடிக்கப்பட்டிருந்தன. 8,82,578 மனுக்கள் நிலுவையில் நின்றன.

குடும்பத்தார் செய்யத்தக்கவையும் சில உண்டு. கடன் கொடுக்கும் முன்பே வில்லங்கச் சான்று பார்த்துக் கொள்ளலாம். வழக்கு நடக்கும்போதே கடனாளி சொத்தை விற்று மறைக்க முயன்றால், தீர்ப்புக்கு முன்னரே ஜப்தி கேட்க வழியுண்டு. டிக்ரிக்குப் பின், சொத்து விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தரும்படி அவரைக் கட்டாயப்படுத்தலாம்; மீறினால் மூன்று மாதம் வரை சிவில் சிறை. நேர்மையாளர் ஒருவர் தவணை கேட்டால், மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் செய்துகொள்வது பல வேளைகளில் ஏலத்தைவிட மேலானது. பணம் பெறுவதற்கான டிக்ரியை நிறைவேற்றக் கோரும் காலவரம்பு 12 ஆண்டுகள். டிக்ரியின் சான்று நகலைப் பத்திரப்படுத்தி, அதன்மேல் அந்நாளை எழுதி வையுங்கள்.