வீட்டுக் கடனின் மெய்யான விலை

“வீட்டைக் கட்டிப் பார், கலியாணத்தைச் செய்து பார்” என்பது தமிழ் மக்களிடையே நெடுங்காலமாக வழங்கிவரும் பழமொழி. இவ்விரு கருமங்களும் ஒருவனுடைய கையிருப்பையும் பொறுமையையும் ஒருங்கே சோதிப்பவை என்பது அதன் கருத்து. முற்காலத்தில் கூரை வேய்ந்து முடிந்ததும் சோதனையும் பெரும்பாலும் முடிந்துவிடும். இக்காலத்திலோ, பால் காய்ச்சிக் குடிபுகுந்த மறுமாதமே மற்றொரு சோதனை தொடங்குகின்றது. அது ஒரு நாளிலோ ஓராண்டிலோ முடிவதன்று. 15 ஆண்டு, 20 ஆண்டு, சிலருக்கு 25 ஆண்டு வரையில் மாதந்தோறும் தவறாது வந்து கதவைத் தட்டுவது. வீட்டுக் கடனின் தவணைப் பணமே அது.

காணி வாங்கப் புறப்படும் ஒரு குடும்பம் எத்துணை விழிப்புடன் நடந்துகொள்கின்றது! உறுதியை நொத்தாரிசிடம் காட்டுகின்றது. நிலஅளவைப் படத்தை ஒப்பிட்டுப் பார்க்கின்றது. கிணற்று நீரைச் சுவைத்துப் பார்க்கின்றது. எல்லை வேலி யாருக்குரியது என்று அயலவரை உசாவுகின்றது. விலையில் 10 ஆயிரம் ரூபா குறைப்பதற்காக ஒரு கிழமை பேரம் பேசுகின்றது. ஆனால், அதே குடும்பம் கடன் பத்திரத்தில் ஒப்பமிடும்போது ஒரேயொரு வினாவுடன் அமைதி கொள்கின்றது. “மாதம் எவ்வளவு கட்டவேண்டும்?” என்பதே அவ்வினா. “முடிவில் எல்லாமாக எவ்வளவு கட்டியிருப்போம்?” என்ற வினா பெரும்பாலும் எழுவதேயில்லை. காணியின் விலை தெரியும். கல்லின் விலையும் சீமெந்தின் விலையும் தெரியும். கடனின் விலை மட்டும் தெரியாது.

இவ்வறியாமை தொன்றுதொட்டு வந்ததன்று. யாழ்ப்பாணத்தில் ஒற்றி என்றொரு வழக்கம் உண்டு. ஒல்லாந்தர் ஆட்சியில், 1706ஆம் ஆண்டில் கிளாஸ் ஐசாக்ஸ் என்னும் திசாவை தொகுத்த தேசவழமை நூலிலும் அது இடம்பெற்றுள்ளது. கடன் பெறுபவர் தமது காணியைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைப்பார். கடன் கொடுத்தவர் காசாக வட்டி வாங்குவதில்லை. வட்டிக்கு ஈடாகக் காணியின் விளைவை அனுபவிப்பார். முதலைத் திருப்பிக் கொடுக்கும் நாளில் காணி மீளும். இவ்வேற்பாட்டில் குறைகள் இருந்திருக்கலாம். ஆனால், ஒரு சிறப்பு இருந்தது. ஒவ்வொரு போகமும் தன் வயலின் நெல் பிறர் வீட்டுக்கு வண்டியேறிச் செல்வதை ஒற்றி வைத்தவன் தன் கண்ணாலே கண்டான். வட்டி என்பது யாது என்று அவனுக்கு எவரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. இன்றைய தவணைக் கடனில் வீடு நம்மிடமே இருக்கின்றது. திறப்பும் நம் கையிலேயே இருக்கின்றது. ஆதலின், விளைவு வெளியேறுவது கண்ணுக்குப் புலப்படுவதில்லை.

கடன் நிறுவனங்கள் தோன்றியது நாட்டுக்கு நன்மையே. 1931இல் இலங்கை அரச ஈட்டு வங்கி நிறுவப்பட்டது. 1954ஆம் ஆண்டின் தேசிய வீடமைப்புச் சட்டம் வீடு கட்டுவோர்க்கு அரசாங்கம் கைகொடுக்க வழிசெய்தது. 1979இல் ஈட்டு வங்கியும் விவசாய, கைத்தொழில் கடன் கூட்டுத்தாபனமும் ஒன்றிணைந்து அரச ஈட்டு, முதலீட்டு வங்கியாயின. இவற்றாலும் பிற வங்கிகளாலும், பரம்பரைச் சொத்தில்லாத சம்பளக்காரர் பலர் சொந்த வீடு கண்டனர். ஆகவே, கடன் தீதென்று கூறுவது இப்பேச்சின் நோக்கமன்று. அதன் விலையை அறிந்து வாங்கவேண்டும் என்பதே நோக்கம்.

ஓர் எடுத்துக்காட்டால் இதனை விளக்கலாம். 40 வயதுடைய ஆசிரியர் ஒருவர், 60 வயதில் ஓய்வு பெறுமுன் தீர்த்துவிடலாம் என்றெண்ணி, 20 ஆண்டுத் தவணையில் 10 இலட்சம் ரூபா கடன் பெறுகின்றார் என்று கொள்வோம். கணக்கு எளிதாகும்பொருட்டு வட்டி ஆண்டுக்கு 12 சதவீதம், அதாவது மாதத்துக்கு 1 சதவீதம் என்றும், அஃது இறுதிவரை மாறாதது என்றும் கொள்வோம். அவர் மாதந்தோறும் கட்டவேண்டிய தொகை 11,011 ரூபா. இத்தொகை அவரது சம்பளத்துக்குள் அடங்குகின்றது, மனம் நிறைகின்றது. ஆனால், 11,011 ரூபாவை 240 மாதங்களால் பெருக்கிப் பார்த்தால் கிடைப்பது 26 இலட்சத்து 42 ஆயிரம் ரூபாவுக்குச் சற்று மேல். வாங்கியது 10 இலட்சம். கொடுப்பது 26 இலட்சத்துக்கு மேல். வட்டி மாத்திரம் 16 இலட்சத்து 42 ஆயிரம். ஒரு வீட்டைக் கட்டியவர் இரண்டரை வீட்டுக்கும் மேலான பணத்தைக் கொடுத்து முடிக்கின்றார்.

இஃது எவ்வாறு நிகழ்கின்றது? ஒவ்வொரு மாதமும் எஞ்சியுள்ள முதலுக்கே வட்டி கணிக்கப்படுகின்றது. முதல் மாதத்தில் எஞ்சியிருப்பது முழு 10 இலட்சம். அதற்கு ஒரு மாத வட்டி 10,000 ரூபா. ஆசிரியர் கட்டிய 11,011 ரூபாவில் 10,000 ரூபா வட்டிக்குப் போக, முதலைக் குறைப்பது வெறும் 1,011 ரூபாவே. முதலாம் ஆண்டு முடிவில் அவர் 1 இலட்சத்து 32 ஆயிரம் ரூபா கட்டியிருப்பார். கடன் குறைந்திருப்பதோ ஏறத்தாழ 12,800 ரூபா. ஐந்தாண்டுகளில் அவர் கட்டியது 6 இலட்சத்து 60 ஆயிரம். இன்னும் கொடுக்கவேண்டிய முதல் 9 இலட்சத்து 17 ஆயிரம். பாதிக் காலமாகிய பத்தாண்டு சென்ற பின்னும் 7 இலட்சத்து 67 ஆயிரம் எஞ்சிநிற்கும். கடனின் சரிபாதி தீர்வது அவருக்கு 55 வயது நெருங்கும்போதுதான். அதன் பின்னர் ஆண்டுதோறும் முதல் விரைந்து கரைகின்றது. கடைசித் தவணையில் வட்டி 110 ரூபாவுக்கும் குறைவு. இதில் வஞ்சனை எதுவும் இல்லை. இது கணக்கின் இயல்பு. ஆயினும், இவ்வியல்பை அறியாதவர் ஐந்தாண்டு கழித்து வங்கியில் மீதியை விசாரித்து, அங்கே கூறப்படும் தொகையைக் கேட்டுத் திகைத்து நிற்கின்றார்.

தவணைக் காலத்தின் வலிமையையும் இக்கணக்கிலேயே காணலாம். அதே 10 இலட்சத்தை அதே வட்டிக்குப் பத்தாண்டில் தீர்ப்பதாயின் மாதம் 14,347 ரூபா. மொத்த வட்டி 7 இலட்சத்து 22 ஆயிரம். பதினைந்து ஆண்டுக்கு மாதம் 12,002 ரூபா; வட்டி 11 இலட்சத்து 60 ஆயிரம். இருபத்தைந்து ஆண்டுக்கு மாதம் 10,532 ரூபா. வட்டி 21 இலட்சத்து 60 ஆயிரம். இருபது ஆண்டை இருபத்தைந்தாக நீட்டுவதால் மாதத்தில் மிச்சமாவது ஏறத்தாழ 479 ரூபா. அதற்காக மேலதிகமாகக் கொடுப்பது 5 இலட்சத்துக்கும் கூடுதல். அன்றியும், நம் ஆசிரியர்க்கு அக்கடைசி ஐந்தாண்டும் சம்பளம் நின்று ஓய்வூதியத்தில் வாழும் காலமாகும். சிறிய தவணை என்பது பல வேளைகளில் பெரிய கடனின் மறுபெயரே.

வட்டி வீதத்தைக் கூறும் முறையிலும் கவனம் வேண்டும். குறைந்துசெல்லும் மீதிக்கு வட்டி கணிப்பது ஒரு முறை. தொடக்கத்தில் வாங்கிய முழுத் தொகைக்கும் இறுதிவரை வட்டி கணிப்பது மற்றொரு முறை. பின்னையதில் 8 சதவீதம் என்று கூறப்படும் கடனைப் பாருங்கள். 10 இலட்சத்துக்கு ஆண்டு வட்டி 80,000. பத்தாண்டுக்கு 8 இலட்சம். முதலுடன் 18 இலட்சம். மாதம் 15,000 ரூபா. முன்னைய முறையில் 12 சதவீதத்துக்குப் பத்தாண்டுத் தவணை 14,347 ரூபாவே என்று கண்டோம். எட்டு என்னும் எண் பன்னிரண்டிலும் சிறியது; ஆனால் இங்கே எட்டுத்தான் அதிகம் பறிக்கின்றது. ஆகவே, வீதத்தைக் கேட்டால் போதாது. எந்த மீதிக்கு அவ்வீதம் என்றும் கேட்டல் வேண்டும்.

இதுவரை வட்டி மாறாதென்று கொண்டோம். நடைமுறையில் பல வீட்டுக் கடன்களில் சில ஆண்டுகளின் பின் வட்டி மாறலாம் என்று ஒரு வாசகம் பத்திரத்தின் உட்பக்கத்தில் இருக்கும். அவ்வாசகத்தின் பொருளை இலங்கை மக்கள் 2022ஆம் ஆண்டில் உணர்ந்தனர். அவ்வாண்டு ஏப்ரில் 8ஆம் நாள், வங்கிகள் தன்னிடம் கடன் பெறும் வீதத்தை மத்திய வங்கி ஒரே நாளில் 7.5 சதவீதத்திலிருந்து 14.5 சதவீதமாக உயர்த்தியது. 2023 மார்ச்சில் அது 16.5 சதவீதமாயிற்று, அவ்வாண்டு யூன் முதலாம் நாள் 14 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. விலைவாசியைக் கட்டுப்படுத்த அவ்வுயர்வு வேண்டியதாயிருந்தது எனினும், அதன் சுமை மாறும் வட்டியில் கடன் பெற்றிருந்த வீடுகளிலும் வந்து இறங்கிற்று.

நம் ஆசிரியரின் கடன் ஐந்தாண்டு சென்றபின் 12 சதவீதத்திலிருந்து 18 சதவீதமாக மாறினால் யாது நேரும்? எஞ்சிய 9 இலட்சத்து 17 ஆயிரத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் 13,760 ரூபா. அவர் கட்டிவரும் 11,011 ரூபா வட்டிக்கே போதாது. தவணையை உயர்த்தாவிடில், மாதந்தோறும் ஒழுங்காகக் கட்டியும் அவருடைய கடன் வளரும். சம்பளம் உயராத ஒரு வீட்டில் இத்தகைய மாற்றம் பிள்ளையின் படிப்பிலும் அடுப்பிலும் கைவைக்கும்.

இவற்றுக்குப் புறம்பாகச் சிறு செலவுகளும் உண்டு. காணி உறுதியைச் சோதிப்பதற்கும், மதிப்பீட்டாளருக்கும், ஈட்டு உறுதி எழுதும் நொத்தாரிசுக்கும், பதிவுக்கும், முத்திரைக்கும், காப்புறுதிக்கும் பணம் வேண்டும். தவணை பிந்தினால் தண்டவட்டி சேரும். நிலுவை மிகுமாயின் ஈடு வைத்த வீடே ஏலத்துக்கு வரும். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், சில வரையறைகளுக்கு உட்பட்டு, நீதிமன்றத்தில் வழக்காடாமலே ஈட்டுச் சொத்தை விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்கு அளித்தது. ஈட்டு உறுதியில் ஒப்பமிடுபவர் வீட்டையே பணயமாக வைக்கின்றார் என்பதை மறத்தலாகாது.

இவ்வளவையும் கேட்ட நேயர் ஒருவர், “அப்படியாயின் வாடகை வீட்டிலேயே வாழ்வது நன்றோ?” என வினவலாம். அதற்கு ஒரே விடை இல்லை. வாடகையும் மீளாத பணமே. வாடகை கொடுத்தவருக்கு இருபதாண்டின் பின் கூரை மிஞ்சுவதில்லை. மேலும், பணத்தின் மதிப்புக் காலப்போக்கில் குறைகின்றது. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி ஓராண்டு விலையேற்றம் 70 சதவீதத்தை எட்டும் நிலையிலிருந்தது. மாறா வட்டியில் கடன் பெற்று, வருவாயும் உயரப் பெற்றவருக்கு இத்தகைய காலத்தில் தவணையின் பாரம் குறையும். எனவே, 26 இலட்சம் என்ற தொகையைக் கண்டு அஞ்சி ஓடவும் வேண்டாம். அதனைக் காணாது கண்ணை மூடிக்கொள்ளவும் வேண்டாம். வாடகை, வருவாய், வயது ஆகிய மூன்றையும் அதனருகே வைத்து நிறுத்துப் பார்த்தலே முறை.

விலையை அறிந்தவர்க்கு அதனைக் குறைக்கும் வழியும் தெரியும். நம் ஆசிரியர் தொடக்கமுதல் மாதம் 1,000 ரூபா கூடுதலாகக் கட்டுவாராயின், இருபதாண்டுக் கடன் பதினைந்து ஆண்டுக்குள் தீர்ந்துவிடும். ஏறத்தாழ 4 இலட்சத்து 80 ஆயிரம் ரூபா மிஞ்சும். ஆரம்ப ஆண்டுகளில் கட்டும் கூடுதல் பணமே மிகுந்த பயன் தருவது. ஏனெனில், அது குறைக்கும் ஒவ்வொரு ரூபாவும் எஞ்சிய காலம் முழுவதும் வட்டி உழைக்காமல் தடுக்கப்படுகின்றது. ஆனால், அப்பணம் முதலிலேயே கழிக்கப்படுமா, முன்கூட்டித் தீர்ப்பதற்குக் கட்டணம் உண்டா என்பவற்றை முன்னரே எழுத்தில் பெற்றுக்கொள்ளல் வேண்டும்.

ஆகவே, ஒப்பமிடுமுன் ஐந்து வினாக்கள் கேட்கப்படவேண்டும். முடிவில் கட்டும் மொத்தத் தொகை யாது? வட்டி எந்த மீதிக்குக் கணிக்கப்படுகின்றது? அது மாறுமா, மாறின் எதனைப் பின்பற்றி மாறும்? முன்கூட்டித் தீர்க்க இடமுண்டா? கடன் பெற்றவர் இடையில் இறக்க நேரின் காப்புறுதி கடனைத் தீர்க்குமா? இவ்விடைகளைக் கணவன் மட்டும் அறிந்து பேழையில் பூட்டி வைத்தலும் தகாது. மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் அறிதல் வேண்டும். தவணையைச் சுமப்பது வீடு முழுவதுமன்றோ?

ஒற்றி வைத்தவன் தன் நெல் வண்டியேறிச் செல்வதைக் கண்டான். கண்டதனால் மீட்கும் நாளை எண்ணினான். தவணை கட்டுபவரும் ஒரு கொப்பியை எடுத்து, ஒவ்வொரு மாதமும் வட்டிக்குப் போனது எவ்வளவு, முதலில் கழிந்தது எவ்வளவு, மீதி எவ்வளவு என்று மூன்று நிரலாக எழுதிவருவாராயின், அவ்வண்டி அவர் கண்ணுக்கும் புலப்படும்.