பெயர் தெரியும், புத்தகம் தெரியாது

மதுரைக் கோரிப்பாளையம் சிக்னலிலிருந்து எந்தப் பக்கம் போனாலும் ஒரு நூலகம் வந்துவிடும். பாலத்தைத் தாண்டினால் சிம்மக்கல்லில் மாவட்ட மைய நூலகம். இந்தப் பக்கம் அமெரிக்கன் கல்லூரிக்குள் டேனியல் பூர் நூலகம். தமுக்கத்தைச் சுற்றிக்கொண்டு போனால் காந்தி மியூசியத்து நூலகம். புது நத்தம் சாலையில் ஏறினால், 2023 ஜூலை 15-ல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம். இரண்டு லட்சம் சதுர அடிக்கு மேல் பரப்பு. போதாததற்குத் தமுக்கத்தில் புத்தகத் திருவிழா வேறு.

இவ்வளவும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, விதவிதமான புத்தகங்களைத் தேடிப் படிப்பவர்கள் எத்தனை பேர்?

மர்மப் புத்தகங்களையே எடுத்துக்கொள்வோம். விடை தெரியாத மர்மம் என்றதும் நமக்குப் பெர்முடா முக்கோணமும் பறக்கும் தட்டும்தான் நினைவுக்கு வருகின்றன. அவ்வளவு தூரம் போவானேன்? சிக்னலுக்குப் பக்கத்திலேயே தர்கா இருக்கிறது. அதன் பெரிய குவிமாடம் அழகர்மலையிலிருந்து வந்த ஒரே கல் என்று தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகிறார்கள். உள்ளே அடங்கியிருக்கும் பெரியவர்களுக்கும் 14-ஆம் நூற்றாண்டில் இங்கே ஆண்ட சுல்தான்களுக்கும் என்ன தொடர்பு என்பது இன்னும் பேசித் தீராத விஷயம். இந்த இழையைப் பிடித்துக்கொண்டு போகிறவர், மதுரைச் சுல்தான்களைப் பற்றி விரிவாகப் பேசும் எஸ். கிருஷ்ணசாமி ஐயங்காரின் 1921-ஆம் ஆண்டு ஆங்கில நூலுக்குப் போய்ச் சேர்வார். அங்கிருந்து இபின் பதூதா. மொராக்கோவில் புறப்பட்டு உலகம் சுற்றிய அந்த மனிதர், மதுரைச் சுல்தான் கியாசுதீனுக்குச் சகலை முறை. ஊரில் கொள்ளைநோய் பரவியதைக் கண்ணால் பார்த்து எழுதியிருக்கிறார். அவருடைய பயணக் குறிப்பைக் கையில் எடுத்தவர் அடுத்து எந்த நாட்டுக்குப் போவார் என்று யாராலும் சொல்ல முடியாது.

குற்ற மர்மம்தான் வேண்டும் என்பவருக்கு இருக்கவே இருக்கிறது 1944-ன் லட்சுமிகாந்தன் கொலை வழக்கு. அதில் சிறைக்குப் போன திரைப்பட நடிகர்கள் பாகவதரும் கலைவாணரும் 1947-ல் விடுதலையாகி வந்துவிட்டார்கள். கொன்றது யார் என்பது மட்டும் இன்றுவரை தெரியாது. அதைப் படிக்கப் போகிறவருக்குப் பாகவதரின் பாட்டு காதில் விழாமல் இருக்காது. அப்படியே இசை அலமாரிக்கு நகர்ந்தால் தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் காத்திருக்கிறார். சித்த மருத்துவர். 1917-ல் வெளிவந்த 'கருணாமிர்த சாகரம்' ஆயிரம் பக்கத்தைத் தாண்டும். ஒரு ஸ்தாயியில் 22 சுருதி என்ற பழைய கணக்கோடு மல்லுக்கட்டி, தமிழிசைக்கு 24 என்று நிறுவப் பாடுபட்டவர் அவர். கணக்குப் பிடிக்காதவர்கள் கொஞ்சம் தடுமாறுவார்கள். பரவாயில்லை, தாண்டித் தாண்டிப் படிக்கலாம்.

அதைப் படித்துவிட்டு மீனாட்சி கோயில் வடக்கு ஆடி வீதிக்குப் போய்ப் பாருங்கள். அங்குள்ள இசைத் தூண் ஒவ்வொன்றும் ஒரே கல். ஒவ்வொன்றிலும் 22 சிறு தூண்கள். சிற்பி சுருதிக் கணக்கை மனதில் வைத்துத்தான் செதுக்கினாரா? அதையும் மர்மப் பட்டியலில் சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான். ஆனால், இந்தக் கேள்வி எழுந்த பிறகு கட்டடக்கலைப் புத்தகம் பாடமாகத் தெரியாது.

கல்வி பற்றிய புத்தகங்கள் சலிப்பூட்டும் என்பார்கள். சென்னை மாகாணத்தில் என்னென்ன பள்ளிகள் நடக்கின்றன என்று 1822-ல் தாமஸ் மன்றோ கணக்கெடுக்கச் சொன்னார். 12,498 பள்ளிகள், 1,88,650 மாணவர்கள் என்று கணக்கு வந்தது. எந்தெந்தச் சாதிப் பிள்ளைகள் எத்தனை பேர் என்பதுவரை அட்டவணையில் உண்டு. அந்த ஆவணங்களைத் தொகுத்துத் தரம்பால் 1983-ல் ஒரு நூல் வெளியிட்டார்; அவர் அதிலிருந்து எட்டிய முடிவுகளை மறுப்பவர்கள் இருக்கிறார்கள். நம் தாத்தாவின் தாத்தா திண்ணைப் பள்ளியில் மணலில் எழுதிப் பழகியிருந்தால், அந்தத் திண்ணையும் இந்தக் கணக்குக்குள் வந்திருக்கும். இதில் சலிக்க என்ன இருக்கிறது?

நூலகங்கள் பலவற்றில் புழங்கும் டூயி முறைப்படி, விடை தெரியாத மர்மங்களுக்கு 001.9, குற்றத்துக்கு 364, கல்விக்கு 370, கட்டடக்கலைக்கு 720, இசைக்கு 780. ஒன்றைத் தேடிப் போகும்போது வழியில் இன்னொன்று கண்ணில் படும். வாசகர் தாமே அலமாரிக்குப் போய் எடுக்கட்டும் என்று சீர்காழிக்காரரான எஸ்.ஆர். ரங்கநாதன் விடாமல் வாதாடியதற்குக் காரணமே இதுதான். அவர் முயற்சியில்தான் 1948-ல் சென்னை மாகாணத்துக்குப் பொது நூலகச் சட்டம் வந்தது. சொத்து வரியில் ரூபாய்க்கு 10 பைசா நூலக வரி என்று இன்றும் கட்டிக்கொண்டிருக்கிறோம். எடுத்துப் படிக்கிறோமா என்பதுதான் என் கவலை.

எந்தப் பெரிய நூலகத்துக்கும் ஒரு சாதாரண நாளில் போய்ப் பாருங்கள். உட்கார இடம் கிடைக்காது. காலையிலேயே பையோடு வந்து இடம் பிடித்துவிடுகிறார்கள். மேஜைமேல் தண்ணீர் பாட்டில், டிபன் பாக்ஸ், மூன்று நிறத்தில் ஹைலைட்டர், ஸ்பைரல் பைண்டிங் போட்ட ஜெராக்ஸ் கட்டு. குரூப் 4, குரூப் 2, எஸ்.ஐ. தேர்வு, டெட். கூட்டம் நூலகத்துக்கு வந்திருக்கிறது, அலமாரிக்கு வரவில்லை. கேட்டால், "அது சிலபஸ்ல இல்லண்ணே" என்பதுதான் பதில்.

வேலை கிடைத்தாக வேண்டும் என்ற நெருக்கடியில் இருப்பவர்களுக்கு மின்விசிறியும் அமைதியும் கழிப்பறையும் உள்ள ஓர் இடம் கிடைப்பதே பெரிது என்பார்கள். சரிதான்.

ஆனால், சிலபஸில் இல்லை என்பது உண்மையா? பொதுத்தமிழில் 'நூல் – நூலாசிரியர்' பொருத்தச் சொல்வது பழைய வழக்கம். யாழ்நூலின் ஆசிரியர் யார் என்றால், தயாரிப்பில் இருக்கும் பிள்ளைகள் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் விபுலானந்தர் என்பார்கள். ஒரு மதிப்பெண் வந்துவிடும். அவர் மட்டக்களப்புப் பக்கம் காரைதீவில் பிறந்தவர், நம் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் பண்டிதர் தேர்வில் தேறியவர், அறிவியல் பட்டதாரி, சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையை வைத்துக்கொண்டு, வழக்கொழிந்த யாழ்களின் அமைப்பைக் கணக்குப் போட்டு மீட்கப் பல ஆண்டுகள் உழைத்தவர், 1947 ஜூனில் நூல் அரங்கேறியது, ஜூலையில் காலமானார். இவ்வளவும் அந்த ஒரு மதிப்பெண்ணுக்குப் பின்னால் இருக்கிறது. புத்தகமோ அதே கட்டடத்தில் ஒரு மாடி மேலேயோ கீழேயோ இருக்கும். ஏறிப் போய்ப் புரட்டிப் பார்க்க ஆளில்லை.

இப்படியே போனால், நூற்றுக்கணக்கான நூல்களின் பெயரும் ஆசிரியரும் தெரிந்த, அவற்றில் ஒன்றையும் தொட்டுப் பார்க்காத ஒரு தலைமுறை அலுவலக நாற்காலிகளில் உட்காரும். நாளைக்கு நம் ஊர்க் கல்வெட்டையும் குளத்தையும் பழைய மண்டபத்தையும் காப்பாற்றும் கோப்பில் கையெழுத்துப் போடப் போகிறவர்கள் இவர்கள்தான். அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. ஒரு வரிக்கு ஒரு மதிப்பெண் என்று கேட்டால், ஒரு வரிதான் படிப்பார்கள்.

நூலகர்களிடம் ஒரு கோரிக்கை. பாடத்திட்டத்திலும் பழைய வினாத்தாள்களிலும் பெயர் வருகிற நூல்களை எல்லாம் திரட்டுங்கள். யாழ்நூல், கருணாமிர்த சாகரம் தொடங்கி, எவையெல்லாம் இருப்பில் உள்ளனவோ அவற்றை ஒரே அலமாரியில் அடுக்கி, போட்டித் தேர்வுக் கூடத்தின் வாசலில் வையுங்கள். டீ குடிக்கப் போகும்போதும் திரும்பும்போதும் அதைத் தாண்டித்தான் போயாக வேண்டும். புதிய கட்டடமோ புதிய நிதியோ இதற்குத் தேவையில்லை. அடுத்த குரூப் 4 அறிவிப்பு வருவதற்குள் செய்து முடிக்கக்கூடிய வேலைதான்.