இறகு நமது, எஞ்சின் யாருடையது?

பெங்களூரிலுள்ள ஹிந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் ஸ்தாபனத்துக்கு 2025-ஆம் வருஷத்தில் வேலைக்குப் பஞ்சமில்லை. மார்ச்சு மாதத்தில் 156 பிரசண்ட் ஹெலிகாப்டர்கள் செய்து கொடுக்க 62,700 கோடி ரூபாய்க்கு ஒப்பந்தமாயிற்று. செப்டம்பரில் 97 தேஜஸ் போர் விமானங்களுக்கு 62,370 கோடி ரூபாய்க்கு மற்றோர் ஒப்பந்தம். 2024-25 கணக்கு வருஷத்தில் ஸ்தாபனத்தின் வருமானம் ஏறத்தாழ 31,000 கோடி. வரி போக நின்ற லாபம் 8,300 கோடிக்கு மேல். ஒரு சுதேசித் தொழில் இவ்வளவு செழிப்பதைக் கண்டு மகிழாதவன் தேசாபிமானி அல்லன்.

ஆனால் அதே வருஷத்தில் வேறு சமாசாரங்களும் வந்தன. பிப்ரவரியில் பெங்களூர் விமானக் கண்காட்சியின்போது, இப்போதைக்கு இந்த ஸ்தாபனத்தின் மீது தமக்கு நம்பிக்கை இல்லை என்று விமானப் படைத் தளபதியே மனம் நொந்து கூறியது வெளிவந்தது. செப்டம்பர் 26-ந் தேதி, எஞ்சியிருந்த மிக்-21 விமானங்களுக்கும் சண்டிகரில் விடை கொடுக்கப்பட்டது. 42 ஸ்குவாட்ரன்கள் இருக்கவேண்டிய படையில் 29 மிஞ்சின. தொழிற்சாலையின் பெட்டகம் நிறைகிறது. படையின் கொட்டகை காலியாகிறது. இதற்கு என்ன சமாதானம்?

2021 பிப்ரவரியில் 83 தேஜஸ் விமானங்களுக்கு ஒப்பந்தம் செய்யப்பட்டது. முதல் விமானம் 2024 மார்ச்சில் படையிடம் வந்திருக்க வேண்டும், வரவில்லை. காரணம் கேட்டபோது, அமெரிக்காவின் ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பெனியிலிருந்து எஞ்சின் வரவில்லை என்றார்கள். 99 எஞ்சின்களுக்கு 2021 ஆகஸ்டில் ஆர்டர் கொடுக்கப்பட்டது. அவற்றுள் முதலாவது கைக்கு வந்தது 2025 மார்ச்சில்! அமெரிக்கக் கம்பெனி சொல்லும் பதிலையும் கேட்க வேண்டும். முன்பு கேட்ட 65 எஞ்சின்களை 2016-க்குள் செய்து கொடுத்துவிட்டார்களாம். அதன்பின் ஐந்து வருஷம் நம்மிடமிருந்து ஆர்டர் இல்லாமையால் அந்த வேலையையே நிறுத்திவிட்டார்களாம். திரும்ப ஆரம்பிக்க, உதிரி உறுப்புகள் தருபவர்களையெல்லாம் மறுபடி தேடிச் சேர்க்க வேண்டியதாயிற்றாம். வியாபாரியின் நோக்கில் இது நியாயமே. அடுப்பை அணைத்துவிட்டுப் போனவன் திரும்பி வந்து இலை போட்டுக்கொண்டு உட்கார்ந்தால், சோறு உடனே வருமா?

எஞ்சின் ஒன்றையே காட்டி ஸ்தாபனத்தார் தப்பித்துக்கொள்ள நாம் இடம் கொடுக்கவில்லை. ராடாரையும் ஏவுகணைகளையும் பொருத்திச் சோதனை முடிப்பதிலும் தாமதம் இருந்தது. விமானப் படையும் ஆரம்பத்தில் நாற்பது விமானங்களுக்கு மேல் கேட்கத் தயங்கிற்று. ஆயினும் மற்றக் குறைகளெல்லாம் பெங்களூரிலேயே தீர்த்துக்கொள்ளக் கூடியவை. எஞ்சின் குறை அப்படியல்ல.

இது இன்று நேற்றுத் தோன்றிய வியாதியும் அல்ல. வால்சந்த் ஹீராசந்த் என்ற சுதேசி முதலாளி, மைசூர் சமஸ்தானத்தின் துணையோடு இந்தக் கம்பெனியை 1940 டிசம்பரில் ஸ்தாபித்தார். திவான் ஸர் மிர்ஸா இஸ்மாயில் நிலம் கொடுத்து ஆதரித்தார். இந்தியாவில் ஆகாய விமானம் செய்வதாவது என்று முதலில் அசட்டை செய்த பிரிட்டிஷ் சர்க்கார், யுத்தம் நெருக்கிய பிறகே இணங்கிற்று. 1942-ல் ஜப்பானிய அபாயத்தைக் காட்டி அவருடைய பங்கை வாங்கிக்கொண்டது. மறுவருஷம் தொழிற்சாலை அமெரிக்க விமானப் படையின் பழுது பார்க்கும் பட்டறையாயிற்று. யுத்தம் முடிந்ததும் விமான வேலை சுருங்கி, அங்கே ரயில் பெட்டிகள் செய்தார்கள். இறகு செய்யக் கற்ற கைகளுக்கு மூன்றாம் வகுப்புப் பெட்டி செய்யும் வேலை! ஆனாலும் கைகள் சோம்பவில்லை. 1951-ல் காட்கே அவர்களின் தலைமையில் உருவான எச்.டி.-2 என்ற பயிற்சி விமானம் பறந்தது. அதன் எஞ்சினோ வெளிநாட்டுச் சரக்கு.

அடுத்து வந்ததுதான் கதையின் உயிர்நிலை. ஜெர்மனியின் பேர்பெற்ற விமான நிபுணர் கர்ட் டாங்க், நேரு சர்க்காரின் அழைப்பின் பேரில் பெங்களூருக்கு வந்து, நம்மவர்களோடு சேர்ந்து ‘மாருத்’ என்ற போர் விமானத்தை வகுத்தார். அது 1961 ஜூன் 17-ந் தேதி பறந்தது. ஒலியின் வேகத்தை மிஞ்ச வேண்டுமென்று வகுக்கப்பட்ட உடல் அது. அதற்கு வேண்டிய வலிய ஆர்பியஸ் எஞ்சினை முடித்துக் கொடுக்க, செலவில் ஒரு பங்கை இந்தியா ஏற்க வேண்டுமென்றார்கள் பிரிட்டிஷார். நமது சர்க்கார் இணங்கவில்லை. ‘நாட்’ என்னும் சிறு விமானத்துக்காகச் செய்துவந்த சிறிய ஆர்பியஸ் இரண்டைப் பூட்டி மாருத்தை அனுப்பினார்கள். எகிப்தில் தயாராகி வந்த எஞ்சினையும் முயன்று பார்த்தார்கள். அந்த ஏற்பாடும் பலிக்கவில்லை. 147 மாருத்கள் உருவாயின. 1971 யுத்தத்தில் ராஜஸ்தான் எல்லையில் அவை நன்றாகவே உழைத்தன. என்றாலும் எந்த வேகத்துக்காகப் பிறந்ததோ, அந்த வேகம் அதற்கு வாய்க்கவில்லை. சில கோடிகளை மிச்சம் பிடித்ததாக அன்று இலாகா அதிகாரிகள் எண்ணியிருக்கக்கூடும்.

ஒரிஸ்ஸாவின் கோராபுட்டில் இந்த ஸ்தாபனமே ருஷ்ய எஞ்சின்களை நூற்றுக்கணக்கில் செய்கிறதே என்று வாசகர்கள் கேட்கலாம். உண்மை. லைசென்ஸ் பெற்று, சுகோய் விமானத்தின் எஞ்சினைக் கச்சா உலோகத்திலிருந்தே அங்கே உருவாக்குகிறார்கள்; அது எளிதான வேலையன்று. ஆனால் லைசென்ஸ் என்பது, எதை எப்படிச் செய்வதென்று சொல்லுமேயன்றி ஏன் அப்படிச் செய்ய வேண்டுமென்று சொல்லாது. ஜெட் எஞ்சினுக்குள் டர்பைன் இதழ்களின் மீது பாயும் வாயுவின் உஷ்ணம், அந்த இதழின் உலோகம் உருகும் நிலைக்கும் மேற்பட்டது. இதழுக்குள் மயிரிழை போன்ற துவாரங்களை வைத்துக் குளிர்காற்றைச் செலுத்துவதாலும், ஒரே படிகமாக உலோகத்தை வார்ப்பதாலுமே அது உருகாமல் நிற்கிறது. இந்த வித்தையைத் தெரிந்தவர்கள் உலகத்தில் நாலைந்து தேசத்தாரே. விலைக்கு எஞ்சினைத் தருவார்கள், வித்தையைத் தரமாட்டார்கள்.

அதை நாமே கற்பதற்காகத்தான் 1989-ல் காவேரி எஞ்சின் திட்டம் தொடங்கியது. அது இந்த ஸ்தாபனத்தின் பொறுப்பன்று. ராணுவ ஆராய்ச்சி இலாகாவைச் சேர்ந்த மற்றொரு பெங்களூர்க் கூடத்தின் பொறுப்பு. 383 கோடி ரூபாயில் 1996-க்குள் முடிப்பதென்பது திட்டம். பின்னர் அனுமதித்த தொகை 2,839 கோடியாக உயர்ந்தது. எஞ்சின் சுழன்றது, ஆனால் எடை மிகுந்தது, உந்துவிசை குறைந்தது. 2008-ல் தேஜஸிலிருந்து காவேரியைப் பிரித்துவிட்டார்கள். இதைச் சொல்லி விஞ்ஞானிகளைப் பரிகசிப்பது சுலபம். மற்ற தேசங்கள் இதே வித்தைக்கு எத்தனை வருஷம், எவ்வளவு பணம் கொட்டின என்பதைப் பார்த்தால் பரிகாசம் அடங்கும்.

அன்னியரை நம்பினால் என்னவாகும் என்பதற்கு 1998 சாட்சி. பொக்ரான் சோதனைக்குப்பின் அமெரிக்கா தடை விதித்தபோது, தேஜஸின் பறப்புக் கட்டுப்பாட்டு வேலைக்காக அங்கே போயிருந்த நம் எஞ்சினீயர்கள் வெறுங்கையோடு திரும்பினார்கள். அந்த வேலையைப் பெங்களூரில் உட்கார்ந்து நாமே முடித்தோம். 2001 ஜனவரியில் தேஜஸ் பறந்தது. கட்டுப்பாட்டு வித்தை நமதாகிவிட்டது. மறுக்கப்பட்டதால் நமதாயிற்று என்று சொன்னாலும் தவறில்லை.

2025 நவம்பரில் மேலும் 113 அமெரிக்க எஞ்சின்களுக்கு ஒப்பந்தம் செய்யப்பட்டது. அவை 2027 முதல் 2032-க்குள் வந்துசேர வேண்டும். வேறு வழியில்லாததால் வாங்குகிறோம். அதை நாம் குறைகூறவில்லை. ஆனால் ஸ்தாபனத்தின் பங்குகளில் நூற்றுக்கு எழுபதுக்கு மேல் சர்க்காருடையது. ஏறக்குறைய அதன் ஒரே வாடிக்கைக்காரரும் சர்க்காரே. ஆகவே 8,300 கோடி லாபம் பெரும்பாலும் பொதுஜனங்களின் வரிப்பணம் ஒரு பையிலிருந்து மறு பைக்குப் போனதுதான். அந்தப் பையிலிருந்து எஞ்சின் ஆராய்ச்சிக்கென்று வருஷந்தோறும் நிச்சயமான ஒரு தொகையை ஒதுக்கும்படி பார்லிமெண்டு கட்டளையிட வேண்டும். முதலில் செய்யவேண்டியது ஒரு சோதனை விமானம். பறக்கும் விமானத்தில் புதிய எஞ்சினைப் பூட்டிப் பார்க்க நம்மிடம் வசதி இல்லாததால், 2010-ல் காவேரியை மாஸ்கோவுக்கு அருகே கொண்டுபோய், ருஷ்யர்களின் விமானத்தில் பூட்டிச் சோதித்தார்கள்.