நாலாவது சீட்

மும்பையில் தனியாக இருக்கிறாயே என்று ஊரில் எல்லோரும் பரிதாபப்படுகிறார்கள். இங்கே தனியாக இருக்க இடம் ஏது? போரிவிலியில் பேயிங் கெஸ்டாக இருக்கும் வீட்டில் ஓர் அறைக்கு மூன்று பெண்கள். என் பங்கு ஒரு கட்டில், அலமாரியில் இரண்டு தட்டு. அவ்வளவுதான்.

எனக்கென்று கிடைப்பது சர்ச்கேட் போகும் மகளிர் ரயிலில் ஏறக்குறைய ஒரு மணி நேரம். மேற்கு ரயில்வே 1992 மே 5ஆம் தேதி இந்த ஏற்பாட்டைத் தொடங்கியது. உள்ளே கீரை ஆய்வார்கள், பஜனை பாடுவார்கள், பிறந்தநாள் கேக் வெட்டுவார்கள். மும்பைவாசிகளுக்கு ‘நாலாவது சீட்’ தெரியும். மூவர் உட்காரும் பலகையின் விளிம்பில் பாதி உடம்பை ஒட்டவைத்துக்கொள்வது. அங்கே கண்ணை மூடிக்கொண்டால் என்னை யாரும் எதுவும் கேட்பதில்லை. ஒரு மாலை காரணமே இல்லாமல் அழுகை வந்துவிட்டது. பக்கத்திலிருந்த அம்மாள் பையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, எனக்கு இன்னும் இரண்டு அங்குலம் இடம் விட்டார். ஏன் என்று கேட்கவில்லை. அந்த மரியாதையை நான் வேறெங்கும் கண்டதில்லை.

ஞாயிற்றுக்கிழமை தாதரில் வண்டி மாறி மாட்டுங்கா. மத்திய ரயில்வே 2017இல் முழுக்கப் பெண் ஊழியர்களிடமே ஒப்படைத்த நிலையம் அது. பூ வைத்துக்கொள்ளும் வழக்கம் எனக்குக் கிடையாது. ஆனாலும் “முழம் எவ்வளவு?” என்று தமிழில் வாய்விட்டுக் கேட்பதற்காகவே மல்லிகை வாங்குவேன். மற்ற ஆறு நாளும் என் தமிழ் கைபேசிக்குள்தான்.

கும்பகோணத்திலிருந்து அம்மா ராத்திரி ஒன்பது மணிக்குக் கூப்பிடுவாள். போன வாரம் ஒரு ஜாதகம் பொருந்தியிருப்பதாகச் சொன்னாள். சென்னையில் மாப்பிள்ளை, பெரிய குடும்பம், வீடு நிறைய மனிதர்கள். “இனிமே தனியா சாப்பிட வேண்டாம்டி” என்றாள். அம்மா தட்டு வைத்து நிதானமாகச் சாப்பிட்டு நான் பார்த்ததில்லை. பதினொரு பேருக்குப் பரிமாறிவிட்டு, மிச்சத்தை நின்றபடியே சாப்பிடுவாள்.

“உனக்குன்னு கொஞ்ச நேரம் வேணும்னு தோணினதே இல்லையாம்மா?”

சிறிது நேரம் பேச்சில்லை.

“விடியக்காலை நாலு மணிக்கு யாரும் எழுந்திருக்க மாட்டாங்க. டிகாக்ஷன் இறங்குற வரைக்கும் அடுப்பங்கரையில சும்மா உக்காந்திருப்பேன். வெளக்குகூடப் போட மாட்டேன்.”

இத்தனை வருஷத்தில் இதை யாரிடமும் சொன்னதில்லையாம். ஜாதகத்தைப் பற்றி அன்று மேற்கொண்டு நாங்கள் பேசவில்லை. மாப்பிள்ளை வீட்டாருக்கு இன்னும் பதில் போகவில்லை.