அமெரிக்காவில் 11 வருஷம், ஆஸ்திரேலியாவில் 56 வருஷம்: ஃபால்கன் கார் ஊர் மாறிய கதை

2016 அக்டோபர் 7. ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் அருகே, பிராட்மெடோஸில் இருந்த ஃபோர்டு தொழிற்சாலையிலிருந்து கடைசி ஃபால்கன் கார் வெளியே வந்தது. அதோடு அந்த நாட்டில் ஃபோர்டின் கார் தயாரிப்பும் முடிந்தது. ஆஸ்திரேலியர்கள் பலர் அதைத் தங்கள் ஊர் காராகவே நினைத்தார்கள். ஆனால், ஃபால்கன் பிறந்தது அமெரிக்காவில். அங்கே அந்தப் பெயரை 1970-லேயே மூட்டை கட்டிவிட்டார்கள்.

அப்படியென்றால் இன்னொரு நாட்டில் மட்டும் அது எப்படி இத்தனை வருஷம் தாக்குப்பிடித்தது?

ஃபால்கன் எதற்காக வந்தது?

1950-களின் கடைசியில் ஃபோக்ஸ்வேகன் பீட்டில் போன்ற சின்ன கார்கள் அமெரிக்காவில் நன்றாக விற்கத் தொடங்கின. அதற்குப் பதிலடியாக டெட்ராய்ட் கம்பெனிகள் 'காம்பாக்ட்' கார்களை இறக்கின. ஜெனரல் மோட்டார்ஸ் கோர்வேரையும், கிரைஸ்லர் வேலியன்ட்டையும் கொண்டுவந்தன. ஃபோர்டு 1959 அக்டோபரில் ஃபால்கனை அறிமுகப்படுத்தியது. 6 பேர் உட்காரலாம், 6 சிலிண்டர் இன்ஜின், நீளம் சுமார் 4.6 மீட்டர். நம்ம ஊர் கணக்கில் அது பெரிய கார்தான்; அமெரிக்கர்களுக்கு அதுவே சின்னது. முதல் மாடல் ஆண்டிலேயே 4 லட்சத்துக்கும் மேல் விற்றது.

ஆஸ்திரேலியாவுக்கு எப்படிப் போனது?

அங்கே அப்போது ராஜா, ஜெனரல் மோட்டார்ஸின் ஹோல்டன். விற்கும் புதிய கார்களில் ஏறத்தாழ பாதி அதுதான். பிரிட்டன் ஃபோர்டின் ஸெஃபிர் காரை வைத்துப் போட்டி போடத்தான் ஃபோர்டு ஆஸ்திரேலியா முதலில் திட்டமிட்டது. டெட்ராய்ட் போன அதிகாரிகள் ஃபால்கனின் மாதிரியைப் பார்த்ததும் முடிவை மாற்றினார்கள். 1960 செப்டம்பரில் முதல் ஆஸ்திரேலிய ஃபால்கன், 'எக்ஸ்.கே.' மாடல், விற்பனைக்கு வந்தது. நம்மைப் போலவே அங்கும் இடது பக்கம் ஓட்டுவதால் ஸ்டீயரிங் வலது பக்கம் மாறியது. மற்றபடி பெரும்பாலும் அதே அமெரிக்க கார்.

எங்கே சறுக்கியது?

சாலையில்தான். அமெரிக்காவின் வழவழப்பான நெடுஞ்சாலைகளை நினைத்துச் செய்த முன்பக்க சஸ்பென்ஷன், ஆஸ்திரேலிய மண் சாலைகளில் தாங்கவில்லை. பால் ஜாயின்ட்கள் சீக்கிரமே தேய்ந்து போயின. 'அழகான கார், ஆனா நம்ம ரோட்டுக்கு ஆகாது' என்ற பெயர் ஒட்டிக்கொண்டது.

அடுத்தடுத்த மாடல்களில் பாகங்களைப் பலப்படுத்திக்கொண்டே வந்தார்கள். 1965-ல் வந்த 'எக்ஸ்.பி.' மாடலில் முன்பக்க பாடியும் உறுதியாக்கப்பட்டது. ஆனால், கெட்ட பெயரை ஸ்பானர் வைத்துக் கழற்ற முடியாதே! அதனால் ஃபோர்டு ஒரு ரிஸ்க் எடுத்தது. ஜீலாங் அருகே யூ யாங்ஸில் உள்ள தன் சோதனைத் தடத்தில் 5 கார்களை 9 நாள் இரவு பகலாக ஓட்டவிட்டது. எல்லா கார்களும் சேர்ந்து 70,000 மைல், அதாவது சுமார் 1.12 லட்சம் கி.மீ. சராசரி வேகம் மணிக்கு 70 மைலுக்கும் மேல். நடுவில் கார் கவிழ்ந்ததும் உண்டு. ஆனாலும் இலக்கைத் தொட்டார்கள். அதே வருஷம் 'வீல்ஸ்' பத்திரிகையின் சிறந்த கார் விருதும் எக்ஸ்.பி.க்குக் கிடைத்தது.

1972-ல் வந்த 'எக்ஸ்.ஏ.' ஆஸ்திரேலியாவிலேயே வடிவமைக்கப்பட்ட முதல் ஃபால்கன். அதற்குள் அமெரிக்காவில் அந்தப் பெயரே இல்லை. டாக்ஸி, போலீஸ் வண்டி, விவசாயிகளின் 'யூட்' என அங்கே எல்லா இடத்திலும் ஃபால்கன்தான். யூட் என்பது முன்னால் கார், பின்னால் சரக்குத் தொட்டி உள்ள வண்டி.

அர்ஜென்டினாவில் என்ன ஆனது?

இதே கார் 1962-லிருந்து 1991 வரை அர்ஜென்டினாவிலும் தயாரானது. முதலில் உதிரி பாகங்களை இறக்கிப் பொருத்தினார்கள். பிறகு ஜெனரல் பாச்சேகோ ஆலையில் உள்ளூர் தயாரிப்பு. கிட்டத்தட்ட 5 லட்சம் கார்கள் வந்தன. ஆனால், அங்கே அதற்கு ஓர் இருண்ட முகமும் உண்டு. 1976 முதல் 1983 வரையிலான ராணுவ ஆட்சியில் ஆட்களைக் கடத்தப் பச்சை நிற ஃபால்கன்கள் பயன்பட்டன. அந்த நிறத்தைப் பார்த்தாலே மக்கள் நடுங்கினார்கள். ஃபோர்டு ஆலையின் தொழிலாளர்கள் 24 பேர் கடத்தப்பட்ட வழக்கில், அந்த நிறுவனத்தின் முன்னாள் அதிகாரிகள் 2 பேருக்கு 2018-ல் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

பிறகு ஏன் மூடினார்கள்?

எது ஃபால்கனைக் காப்பாற்றியதோ, அதுவே கடைசியில் அதைக் கட்டிப் போட்டது. ஒரு நாட்டின் சாலைக்கும் ரசனைக்கும் அளவெடுத்துத் தைத்த கார் அது. ஆஸ்திரேலியாவையும் நியூசிலாந்தையும் விட்டால் பிற்காலத்தில் அதற்குப் பெரிய சந்தையே இல்லை. இறக்குமதி கார்கள் மீது 1980-களின் நடுவில் 57.5% இருந்த வரி, 2010-ல் 5% ஆனது. மக்களும் சின்ன கார், எஸ்.யூ.வி. பக்கம் போனார்கள். 1995-ல் 80,000-ஐத் தாண்டிய ஃபால்கன் விற்பனை, கடைசி வருஷங்களில் 10,000-க்கும் கீழே வந்தது.

2013 மே மாதம் ஃபோர்டு ஆலையை மூடும் முடிவை அறிவித்தது. அங்கே தயாரிக்க ஆகும் செலவு ஐரோப்பாவைப் போல 2 மடங்கு, ஆசியாவைப் போல கிட்டத்தட்ட 4 மடங்கு என்பது நிறுவனம் சொன்ன கணக்கு. சுமார் 1,200 பேரின் வேலை போகும் என்றும் சொன்னது. அடுத்த வருஷமே, 2017 அக்டோபரில், டொயோட்டாவும் ஹோல்டனும் அங்கே ஆலைகளை மூடின.

இப்போது என்ன நிலைமை?

2023-ல் ஆஸ்திரேலியாவில் அதிகம் விற்ற வண்டி ஃபோர்டு ரேஞ்சர். அதை வடிவமைத்தது ஆஸ்திரேலியாவில் உள்ள ஃபோர்டு இன்ஜினீயர்கள். அங்கே விற்கும் ரேஞ்சர் பெரும்பாலும் தயாராவது தாய்லாந்தில். 1960-ல் டிசைன் வெளியிலிருந்து வந்தது, ஆலை வேலை உள்ளூரில் இருந்தது. இப்போது அப்படியே தலைகீழ்: டிசைன் உள்ளூரில், ஆலை வேலை வெளியில்.